எழுதாத கடிதமும் எழுதாமல் விட்ட செய்தியும்: வாசகர் கேள்விகளுக்குப் பதில்கள்

விளையாட்டுப் பத்திரிகைகளில் வருவதை நம்பலாமா என்று ஒரு வாசகர் சென்ற இதழில் கேட்டிருந்தார். "பெரும்பாலும் நம்பலாம். ஆனால் 1978 உலகக் கால்பந்துக் கோப்பையின்போது, இராணுவ ஆட்சியில் இருந்த அர்ஜென்டினாவின் 'எல் கிராஃபிகோ' வார இதழ், நெதர்லாந்து அணித் தலைவர் எழுதாத கடிதத்தை அவர் பெயரில் அச்சிட்டதையும் நினைவில் வையுங்கள்" என்று பதில் எழுதியிருந்தேன். அந்த ஒரு வரியைப் பிடித்துக்கொண்டு வந்த கடிதங்கள்தாம் இந்த வாரம் மேசை முழுவதும் கிடக்கின்றன. மற்ற கேள்விகள் அடுத்த இதழுக்குப் போகட்டும்.

பாளையங்கோட்டையிலிருந்து ஒரு வாசகி: அந்தக் கடிதத்தில் அப்படி என்னதான் இருந்தது?

ஒரு தகப்பன் தன் சின்ன மகளுக்கு எழுதுவதுபோல் அமைந்த கடிதம் அது. அப்பா நலமாக இருக்கிறேன், நீ கொடுத்த பொம்மை என்னிடம் இருக்கிறது, எங்களைக் காக்க ஒரு பட்டாளமே நிற்கிறது, அவர்களுடைய துப்பாக்கிகளிலிருந்து பூக்கள்தாம் பாய்கின்றன. உன் தோழிகளிடம் உண்மையைச் சொல், அர்ஜென்டினா அன்பின் நாடு. இதுதான் சாரம். இது உலகக் கோப்பை அல்ல, அமைதியின் கோப்பை என்றும் ஒரு வரி உண்டு. கீழே ரூட் க்ரோல் என்ற பெயர்.

க்ரோல் அப்போது நெதர்லாந்து அணியின் தலைவர். முதல் சுற்று ஆட்டங்களுக்காக அணி ஆண்டிஸ் மலையடிவாரத்தில், மெண்டோசா மாகாணத்தில் தங்கியிருந்தது. தான் அப்படி ஒரு கடிதம் எழுதவே இல்லை என்று அவர் மறுத்துவிட்டார். கடிதத்தைப் புனைந்தவர் இதழின் செய்தியாளர்.

நான் ஒரு நாளிதழின் விளையாட்டுப் பக்கத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவன். ஆட்டக்காரர் பெயரில் வரும் பத்திகளை மேசையில் இருப்பவர் எழுதுவது எங்கள் தொழிலில் புதிதல்ல. ஆனால் அதற்கு முறை உண்டு. அவர் தொலைபேசியில் பேசுவார், நாங்கள் எழுதுவோம், எழுதியதை அவருக்குப் படித்துக் காட்டுவோம். அவர் ஒரு வரியை எடு என்றால் எடுத்துத்தான் ஆக வேண்டும். வாக்கியம் எங்களுடையதாக இருக்கலாம், கருத்து அவருடையதாக இருக்க வேண்டும். க்ரோலின் பெயரில் வந்த கடிதத்தில் அவருடையது என்று சொல்ல எதுவுமே இல்லை. ஒருவனுடைய பெயரையும் முகத்தையும் எடுத்தார்கள், போதாக்குறைக்கு அவன் பெற்ற பிள்ளையையும் இழுத்துவந்து நிறுத்தினார்கள். இவ்வளவு ஆண்டுகள் கழித்தும் அதைப் படிக்கும்போது எனக்கு உடம்பு கூசுகிறது.

இன்னொன்றையும் கவனியுங்கள். பதினாறு அணிகள் வந்திருந்தபோது ஏன் ஒரு டச்சுக்காரர்? நெதர்லாந்தில்தான் ஃப்ரேக் தெ யோங்கே, பிராம் வெர்மூலன் என்ற இரண்டு மேடைக் கலைஞர்கள் 'அர்ஜென்டினாவுக்குப் போகாதீர்கள்' என்று ஊர் ஊராகப் பிரசாரம் செய்திருந்தார்கள். பிரான்சிலும் புறக்கணிப்புக் குழு இருந்தது. எதிர்ப்பு வலுத்த நாட்டின் அணித் தலைவரே வந்து நற்சான்று தந்ததுபோல் ஆக்க வேண்டும். அமைதி என்ற சொல்லும் தற்செயலாக வந்ததல்ல. ஜூன் 1 அன்று தொடக்க விழாவில் ஆட்சித் தலைவர் ஹோர்ஹே விதேலா அமைதியின் பெயரால்தான் போட்டியைத் தொடங்கிவைத்தார். தளபதி மேடையில் சொன்னதை இதழ் ஒரு குழந்தையின் காதில் சொல்ல வைத்தது.

ஈரோட்டிலிருந்து ஒரு வாசகர்: இராணுவ ஆட்சியில் பத்திரிகைக்காரன் வேறு என்ன செய்ய முடியும்? பாதுகாப்பாக உட்கார்ந்துகொண்டு அவர்களைக் குற்றம் சொல்வது சுலபம்.

ஐயா, உங்கள் கேள்வியின் முதல் பாதியை முழுதாக ஏற்கிறேன். 1976 மார்ச் 24 அன்று ஆட்சியைப் பிடித்த தளபதிகள் அன்றைக்கே வெளியிட்ட 19ஆம் எண் அறிவிக்கை, ஆயுதப் படைகளின் பெயரைக் கெடுக்கும் செய்தியைப் பரப்புகிறவருக்குப் பத்தாண்டு வரை சிறை என்றது. சிறை என்பது காகிதத்தில் இருந்த தண்டனை. காகிதத்தில் இல்லாதது இன்னும் கொடியது. ரொதோல்ஃபோ வால்ஷ் என்ற எழுத்தாளர் ஆட்சியின் முதலாண்டு நிறைவில் தளபதிகளுக்கு ஒரு பகிரங்கக் கடிதம் எழுதி அஞ்சலில் சேர்த்தார். 1977 மார்ச் 25 அன்று நடுத்தெருவில் சுடப்பட்டார். அவருடைய உடல் இன்றுவரை கிடைக்கவில்லை. அந்த ஆட்சியில் காணாமல் போன பத்திரிகையாளர்கள் நூறு பேர் அளவில் இருப்பார்கள். வாய் திறக்காமல் இருந்தவனை நான் ஒருபோதும் குறை சொல்ல மாட்டேன். அவனுக்கும் பிள்ளை குட்டி உண்டு.

ஆனால் அச்சம் மௌனத்துக்குத்தான் காரணம் ஆகும். கடிதம் புனைவதற்கு ஆகாது. 19ஆம் எண் அறிவிக்கையில் 'மகளுக்குக் கடிதம் எழுது' என்று எங்கும் இல்லை. எல் கிராஃபிகோவை வெளியிட்ட அட்லாந்திதா நிறுவனம் ஆட்சியை முழுமனதோடு ஆதரித்தது. வெளிநாட்டிலிருந்து வந்த கேள்விகளை எல்லாம் 'அர்ஜென்டினாவுக்கு எதிரான பிரசாரம்' என்ற ஒரே சொல்லால் அடித்தது. அதை எழுதச் சொல்லித் தினமும் ஒரு சிப்பாய் அலுவலக வாசலில் நிற்கவில்லை.

அதே ஜூன் மாதத்தில், அதே பியூனஸ் அயர்ஸ் நகரத்தில் 'ஊமோர்' என்ற புதிய கேலிச்சித்திர இதழ் ஒன்று தொடங்கியது. உலகக் கோப்பைக்கு அரசு 50 கோடி டாலருக்கு மேல் கொட்டியிருந்தது. முதல் இதழின் அட்டையில் பயிற்சியாளர் மெனோட்டியையும் பொருளாதார அமைச்சர் மார்த்தினெஸ் தெ ஓஸையும் ஒரே முகமாக வரைந்து, என்ன விலை ஆனாலும் உலகக் கோப்பை நடக்கும் என்று அந்த முகத்தைப் பேசவைத்தார்கள். பெரிய புரட்சி அல்ல. செலவைப் பற்றிய ஒரு கேலி. ஆனால் அந்த அளவுக்கு இடம் இருந்தது, அதைச் சிலர் பயன்படுத்தினார்கள்.

நாகர்கோவிலிலிருந்து ஒரு கல்லூரி மாணவர்: விளையாட்டு இதழ் விளையாட்டை மட்டும் எழுதினால் போதாதா? அரசியலை எழுத வேறு இதழ்கள் இருக்கின்றனவே?

தம்பி, வந்த கடிதங்களில் எனக்கு மிகப் பிடித்தது உங்களுடையதுதான். நீங்கள் சொன்னபடியே செய்வோம். அரசியலை விட்டுவிடுவோம். விளையாட்டுச் செய்திகளை மட்டும் எடுத்துக்கொள்வோம்.

மிகேல் சான்செஸ் என்று ஒரு நெடுந்தூர ஓட்டக்காரர். துகுமான் மாகாணத்துக்காரர். வங்கியில் வேலை, காலையிலும் மாலையிலும் பயிற்சி, இடையில் கவிதை. 1977இன் கடைசி நாளில் பிரேசிலின் சாவ் பாவ்லோ நகரில் நடக்கும் புகழ்பெற்ற சான் சில்வெஸ்த்ரே ஓட்டத்தில் ஓடிவிட்டு ஊர் திரும்பினார். 1978 ஜனவரி 8 அன்று விடியுமுன் ஆயுதக்காரர்கள் வீட்டுக்கு வந்து அவரைக் கொண்டுபோனார்கள். பிறகு அவரை யாரும் பார்க்கவில்லை. சர்வதேச ஓட்டத்தில் கலந்துகொண்ட தடகள வீரர் ஒரு வாரத்தில் மறைந்துபோகிறார். இது விளையாட்டுச் செய்தியா, இல்லையா?

லா பிளாத்தா நகரின் ரக்பி சங்கத்தில் 20 ஆட்டக்காரர்கள் கொல்லப்பட்டார்கள் அல்லது காணாமல் போனார்கள். ஒரே சங்கத்தில் இருபது பேர். அணியை மாற்றி மாற்றி நிரப்ப வேண்டியிருந்திருக்கும். அல்மாக்ரோ என்ற கால்பந்துச் சங்கத்தின் கோல்காப்பாளர் க்ளௌதியோ தம்புர்ரினி 1977 நவம்பரில் கடத்தப்பட்டார். பியூனஸ் அயர்ஸின் புறநகரில் ஒரு பழைய மாளிகையில் மாதக்கணக்கில் சித்திரவதை. 1978 மார்ச்சில் மூன்று பேரோடு சேர்ந்து, உடுப்பு இல்லாமல், போர்வைகளை முடிந்து ஜன்னல் வழியாக இறங்கித் தப்பினார். ஒரு கோல்காப்பாளர் அணியிலிருந்து திடீரென்று காணாமல் போனால், அவருக்குப் பதில் யார் என்பதை எந்த விளையாட்டுப் பக்கமும் எழுதும். அவர் எங்கே என்பதையும் எழுத வேண்டாமா?

இறுதி ஆட்டம் நடந்த மொனுமெந்தால் அரங்கிலிருந்து ஒரு கிலோமீட்டர் தூரம்கூட இல்லை, எஸ்மா என்று அழைக்கப்பட்ட கடற்படை இயந்திரவியல் பள்ளி. ஏறக்குறைய 5,000 பேர் அங்கே அடைத்துவைக்கப்பட்டார்கள். பெரும்பாலோர் திரும்பவில்லை. அரங்கத்தின் ஆரவாரம் கைதிகளுக்குக் கேட்டது. நான் பியூனஸ் அயர்ஸ் போனபோது அரங்கிலிருந்து அந்தக் கட்டடத்துக்கு நடந்தே போனேன். சாதாரணமான தெருக்கள், மரங்கள், ஓடும் பஸ்கள். அந்த ஜூன் மாதத்தில் உலகம் முழுவதிலிருந்தும் வந்த செய்தியாளர்கள் இதே சாலைகளில்தான் போய்வந்தார்கள்.

விளையாட்டு இதழ் விளையாட்டை மட்டும் எழுத வேண்டும் என்பதைத் தளபதிகளும் விரும்பினார்கள். விளையாட்டை முழுதாக எழுதியிருந்தால் அவர்களுக்குப் பிடித்திருக்காது. மிகேல் சான்செஸின் கதையை இருபது ஆண்டுகள் கழித்துத் தேடிப்போய் உலகுக்குச் சொன்னவர் வலேரியோ பிச்சோனி. இத்தாலியின் 'கஜெத்தா தெல்லோ ஸ்போர்ட்' நாளிதழ்க்காரர். அதுவும் விளையாட்டுப் பத்திரிகைதான். அவருடைய முயற்சியால் 2000ஆம் ஆண்டு முதல் ரோம் நகரில் மிகேல் பெயரில் ஓட்டம் நடக்கிறது, பிறகு அர்ஜென்டினாவிலும்.

திண்டுக்கல்லிலிருந்து ஒரு வாசகர்: அர்ஜென்டினா பெரு அணியை 6–0 என்று வென்றது விலைக்கு வாங்கப்பட்ட ஆட்டம்தானே?

இறுதிக்குப் போக நான்கு கோல் வித்தியாசம் தேவை, ஆறு கிடைத்தது. சந்தேகம் இன்னும் ஓயவில்லை, நீதிமன்றத்தில் நிறுவப்படவும் இல்லை. எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது வேறு. உலகக் கோப்பைச் செலவை வெளிப்படையாகக் குறை சொன்ன நிதித்துறைச் செயலர் ஹுவான் அலெமனின் வீட்டில், அந்த ஆட்டத்தில் நான்காவது கோல் விழுந்த நேரத்தில் குண்டு வெடித்தது. அவர் அதே ஆட்சியின் அதிகாரி. உள்ளே இருந்தவருக்கே அந்த நிலை.

சேலத்திலிருந்து ஒரு புகைப்படக் கலைஞர்: 'ஆன்மாவின் அணைப்பு' என்ற படம் இந்த இதழில்தானே வந்தது? அதையும் பிரசாரம் என்பீர்களா?

மாட்டேன். இதே இதழின் ரிகார்தோ அல்ஃபியேரி எடுத்த படம் அது. 1978 ஜூன் 25, இறுதி ஆட்டத்தின் கூடுதல் நேரத்தில் அர்ஜென்டினா நெதர்லாந்தை 3–1 என்று வென்ற கணம். அர்ஜென்டினா ஆட்டக்காரர் தரந்தினி மண்டியிட்டிருக்கிறார், கோல்காப்பாளர் ஃபில்லோல் அவரைக் கட்டிக்கொள்கிறார். மைதானத்துக்குள் ஓடிவந்த ரசிகர் ஒருவர் இருவர் பக்கமும் குனிகிறார். அவருக்குக் கைகள் இல்லை. சட்டையின் வெறும் கைகள் மட்டும் காற்றில் முன்னே நீள்கின்றன. விளையாட்டுப் புகைப்படங்களில் அதற்கு மேல் ஒன்றை நான் பார்த்ததில்லை.

அந்த இதழைப் பற்றி எனக்குள்ள கோபத்தின் வேரே இதுதான். 1919இல் தொடங்கிய எல் கிராஃபிகோ மட்டமான இதழாக இருந்திருந்தால் யாருக்கும் கெடுதல் இல்லை. தென் அமெரிக்கா முழுவதும் பையன்கள் அதைப் படித்துத்தான் கால்பந்தைக் கற்றார்கள். 'பொரொகொத்தோ' என்ற புனைபெயரில் எழுதியவர், தெருவில் கந்தல் பந்தை உருட்டும் சிறுவனைப் பற்றி எழுதி அர்ஜென்டினா ஆட்டத்துக்கு ஒரு முகமே தந்தார். ஆட்ட வர்ணனை சுத்தம், படங்கள் அற்புதம், புள்ளிவிவரம் பிசகாது. அத்தனை ஆண்டுகளில் சேர்த்த நம்பிக்கை இருந்ததால்தான் க்ரோலின் கடிதத்தை ஒரு தாய் தன் வீட்டில் உட்கார்ந்து படித்துவிட்டு, நம் நாட்டைப் பற்றி வெளியில் சொல்வது பொய் போலிருக்கிறது என்று நினைக்க முடிந்தது. அரசு அறிக்கையாக வந்திருந்தால் நினைத்திருக்க மாட்டாள். அல்ஃபியேரியின் படமும் அந்தக் கடிதமும் ஒரே மாதத்தில் ஒரே இதழில் வந்தன. படம் உண்மை என்பதால்தான் கடிதமும் விலைபோனது.

ஆட்டக்காரர்கள் மேல் எனக்குக் குறை இல்லை. மெனோட்டி இடதுசாரி. தளபதிகளுக்காக அல்ல, மக்களுக்காகவே ஆடினோம் என்று பிற்காலத்தில் சொன்னார். தரந்தினி காணாமல் போன தன் நண்பர்களைப் பற்றி விதேலாவிடமே கேட்டதாகச் சொல்லியிருக்கிறார்.

புதுச்சேரியிலிருந்து ஒரு வாசகி: கோப்பையை வென்ற இரவில் தெருவில் ஆடிப்பாடிய இலட்சக்கணக்கான மக்களுக்கு மனசாட்சி இல்லையா?

அப்படிச் சொல்லாதீர்கள், அம்மா. மறைந்து வாழ்ந்துகொண்டிருந்த தம்புர்ரினியே அர்ஜென்டினாவின் கோல்களுக்கு மகிழ்ந்ததாகச் சொல்லியிருக்கிறார். சித்திரவதைப்பட்டவருக்கே ஆட்டத்தின் மேல் இருந்த அன்பு போகவில்லை.

எஸ்மாவில் இருந்த கிராசியேலா தலேயோ என்ற கைதியின் சாட்சியத்தைக் கேளுங்கள். வென்ற இரவில் அதிகாரிகள் சில கைதிகளைக் காரில் ஏற்றி, கொண்டாட்டத்தைக் காட்ட ஊருக்குள் கூட்டிப்போனார்கள். காரின் மேல்திறப்பு வழியாக எழுந்து நின்று பார்க்க அவருக்கு அனுமதி கிடைத்தது. சுற்றிலும் மனிதக் கடல். நான் கடத்தப்பட்டவள் என்று கத்தினால் ஒருவரும் திரும்பிப் பார்க்க மாட்டார்கள் என்று அவருக்குத் தோன்றியது. அந்தக் கூட்டம் கொடியவர்களின் கூட்டம் அல்ல. கடத்தப்பட்டவர்கள் இருக்கிறார்கள் என்று அதற்குச் சொல்லியிருக்க வேண்டியவர்கள் சொல்லவில்லை. 1977 ஏப்ரலில் மாயோ சதுக்கத்தில் கூடத் தொடங்கி, பிறகு வியாழன்தோறும் வெள்ளை முக்காட்டுடன் நடந்த, காணாமல் போனவர்களின் அன்னையர் சொன்னார்கள். உலகக் கோப்பை நாட்களில் அவர்களிடம் ஒலிவாங்கியை நீட்டியவர்கள் டச்சுத் தொலைக்காட்சிக்காரர்கள்.

திருச்சியிலிருந்து ஒரு வாசகர்: விளையாட்டு இதழ் மட்டும்தானா, வேறு இதழ்களும் இதைச் செய்தனவா?

அதே அட்லாந்திதாவின் பெண்கள் இதழ் 'பாரா தி'. சமையல் குறிப்புக்கும் தையல் மாதிரிக்கும் வாங்கும் இதழ். 1978இல் அது கத்தரித்து எடுக்கும் அஞ்சலட்டைகளை அச்சிட்டது. நாட்டைக் குறை சொல்லும் வெளிநாட்டவர்களுக்கு வாசகியரே அனுப்ப வேண்டும் என்று அவர்களுடைய முகவரிகளையும் தந்தது. 1979 செப்டம்பரில் அதைவிடக் கொடியது நடந்தது. தெல்மா ஹாரா தெ கபேசாஸ் என்ற தாய், மகனைத் தேடியவர், தானே எஸ்மாவில் கைதி. அவரை வெளியே ஒரு சிற்றுண்டிச் சாலைக்குக் கொண்டுவந்து உட்காரவைத்துப் பேட்டி என்ற பெயரில் ஒன்றைத் தயாரித்தார்கள். இறந்துபோன கலகக்காரனின் தாய் பேசுகிறாள் என்ற தலைப்பில் அது வெளியானது. படிக்கும் பெண்களுக்கு அவர் கைதி என்று தெரியாது. க்ரோல் மறுப்புச் சொல்ல முடிந்தது. இந்தத் தாய்க்கு அதுவும் முடியவில்லை.

வேலூரிலிருந்து ஒரு வாசகர்: இந்த மயக்கம் எப்போது தெளிந்தது?

1979இல் தெளியவில்லை. அந்த செப்டம்பரில் அமெரிக்க நாடுகளின் மனித உரிமை ஆணையம் பியூனஸ் அயர்ஸுக்கு வந்து, மாயோ அவென்யூவில் உள்ள அலுவலகத்தில் புகார்களைப் பெற்றது. காணாமல் போனவர்களின் உறவினர்கள் நீண்ட வரிசையில் நின்றார்கள். செப்டம்பர் 7 அன்று டோக்கியோவில் மரடோனாவின் இளையோர் அணி சோவியத் யூனியனை 3–1 என்று வென்றது. நாடறிந்த வானொலி வர்ணனையாளர் ஹோசே மரியா முன்யோஸ், மக்கள் மாயோ அவென்யூவுக்குப் போய்க் கொண்டாடி அர்ஜென்டினாவின் உண்மை முகத்தை ஆணையத்துக்குக் காட்ட வேண்டும் என்று அழைத்தார். கொடியோடு பாடிக்கொண்டு போன இளைஞர்கள் கண்ணீரோடு நின்ற வரிசையின் பக்கமாகவே போனார்கள். கோல் விழுந்ததைச் சொல்லும் குரல் அதற்குப் பயன்பட்டதை நினைத்தால் வர்ணனைத் தொழிலை மதிக்கும் எனக்கு வயிறு எரிகிறது.

தெளிந்தது 1982இல், தோல்வியில். மால்வினாஸ் (ஃபாக்லாந்து) தீவுகளுக்காகப் பிரிட்டனோடு நடந்த போரின்போது அட்லாந்திதாவின் 'ஹெந்தே' இதழ் 'வென்றுகொண்டிருக்கிறோம்' என்று அட்டை போட்டது. உலகக் கோப்பைக்காக ஸ்பெயினுக்குப் போன ஆட்டக்காரர்கள் அங்கே பத்திரிகைகளைப் பிரித்ததும் திகைத்தார்கள், போர் தோற்றுக்கொண்டிருந்தது. ஜூன் 13 அன்று பெல்ஜியத்திடம் 0–1 என்று தோற்றார்கள். மறுநாள் தீவுகளில் இருந்த படை சரணடைந்தது. 1983 டிசம்பரில் தேர்ந்தெடுக்கப்பட்ட ஆட்சி வந்தது. எல் கிராஃபிகோ அதன்பிறகும் நெடுங்காலம் வந்து 2018 ஜனவரியில் அச்சை நிறுத்திக்கொண்டது.

கும்பகோணத்திலிருந்து ஒரு வாசகர்: அந்த இதழில் நீங்கள் மதிக்கும் ஒருவர்கூட இல்லையா?

இருக்கிறார், அவரைப் பற்றிக் கேட்டதற்கு நன்றி. தான்தே பன்செரி. 1959 முதல் எல் கிராஃபிகோவின் ஆசிரியர். 1962இல் பொருளாதார அமைச்சராக இருந்த ஆல்வரோ அல்சொகராயின் கருத்துரையை ஒரு கால்பந்து ஆட்டத்தோடு சேர்த்து வெளியிட வேண்டும் என்று உரிமையாளர்கள் சொன்னார்கள். அமைச்சருக்கு ஆட்டப் பக்கத்தில் என்ன வேலை என்று மறுத்து, நாட்டின் மிகப் பெரிய விளையாட்டு இதழின் ஆசிரியர் நாற்காலியை விட்டு எழுந்து போய்விட்டார். விளையாட்டு வேறு அரசியல் வேறு என்ற கொள்கையை உண்மையாகவே நம்பியவர் அவர்தான், நாகர்கோவில் தம்பி கவனிக்க.

அவர் 1978 உலகக் கோப்பையை நடத்தவே கூடாது என்று வாதாடினார், தளபதிகள் வந்த பிறகும். பழைய ஃபோர்டு காருக்குப் பெட்ரோல் போடக் காசில்லாதவன் புதுக் கார் வாங்கக் கூடாது, வாங்கினால் யாரையோ திருடுகிறான் என்பது அவர் சொன்ன நியாயம். 1978 ஏப்ரலில், போட்டி தொடங்க ஏழு வாரம் இருக்கும்போது இறந்துபோனார். கால்பந்து பற்றி அவர் எழுதியவற்றில் ஒரு பக்கம்கூட நான் தமிழில் பார்த்ததில்லை. ஸ்பானிய மொழி தெரிந்த வாசகர் எவரேனும் அவருடைய கட்டுரை ஒன்றை மொழிபெயர்க்க முன்வந்தால் எழுதுங்கள். இந்தப் பத்தியின் இரண்டு பக்கத்தையும் அதற்கு ஒதுக்கும்படி ஆசிரியரிடம் நானே கேட்கிறேன்.